அசமன்பாட்டை எழுதுறது, எண்கோட்டுல வரையறது: திரும்பத் திரும்ப வர்ற கேள்விகளும் என் பதில்களும்

சொந்தக்கார பசங்களுக்கு கணக்கு சொல்லிக்கொடுத்து சொல்லிக்கொடுத்து ஒரே கேள்விய நூறு தடவ கேட்டாச்சு, அதான் மொத்தமா ஒரே இடத்துல எழுதி வச்சிடலாம்னு உட்கார்ந்தேன். தமிழ் கீபோர்டுல இருந்து இங்கிலீஷ் எழுத்துக்கு மாத்தி மாத்தி தட்ட சோம்பேறித்தனம், அதனால வழக்கமா போடுற எக்ஸுக்கு பதிலா இங்க எல்லா இடத்துலயும் "ம"ன்னு போட்டிருக்கேன். மறைஞ்சிருக்கிற எண்ணுன்னு வச்சுக்கோங்க. சில புத்தகத்துல அசமன்பாடுன்னு இருக்கும், சிலதுல சமனிலின்னு இருக்கும், ரெண்டும் ஒண்ணுதான்.

சமன்பாடு தெரியும், அசமன்பாடுன்னா அதுல இருந்து என்ன வித்தியாசம்?

ம + 2 = 7ன்னா பதில் 5, அவ்ளோதான், ஒரே ஆளு. ம + 2 > 7ன்னா 6 சரி, 100 சரி, 5.01 கூட சரி, 5ம் அதுக்குக் கீழ இருக்கிறதும்தான் தப்பு. அதாவது பதில் ஒரு ஆள் இல்ல, ஒரு கூட்டம். அந்தக் கூட்டத்துல இருக்கிற எல்லாரையும் பேர் பேரா எழுத முடியாது, அதனாலதான் கோடு போட்டுக் காட்டுறோம். "எதுக்கு சார் தேவையில்லாம படம் வரையச் சொல்றாங்க"ன்னு கேக்குற பசங்களுக்கு இதான் பதில், படம்தான் இங்க விடையே.

< இதுவும் > இதுவும் எது சின்னது எது பெருசுன்னு எப்பவும் குழம்புது, ஈஸியா ஞாபகம் வச்சுக்க வழி இருக்கா?

முதலை பெருசைத்தான் தின்னும், வாய் பெரிய எண் பக்கம் திறந்திருக்கும்னு சொல்லித்தருவாங்க. தப்பில்ல, வேலை செய்யும். எனக்கு முதலை இல்லாமலே பிடிச்சது என்னன்னா, குறியோட ரெண்டு கோட்டுக்கும் நடுவுல இருக்கிற இடைவெளியப் பாருங்க, அகலமா இருக்கிற பக்கம் பெரிய எண், கூர்மையா ஒட்டிப்போற பக்கம் சின்ன எண். 3 < 8. அவ்ளோதான்.

ஆனா ஒண்ணு, குறியைக் கண்டுபிடிச்சா போதாது, வாயால படிக்கவும் தெரியணும். ம < 8ஐ "ம, 8ஐ விடக் குறைவு"ன்னு சத்தமா ஒரு தடவ படிச்சிட்டு அப்புறம் கோடு போடுங்க. பாதி தப்பு அங்கயே நின்னுடும்.

−7 பெருசா −3 பெருசா? 7 பெருசுதானே?

−3 தான் பெருசு. எண்கோட்டுல வலப்பக்கம் போகப் போக பெருசு, இடப்பக்கம் போகப் போக சின்னது, இதுல மைனஸ் பிளஸ்னு பாகுபாடே கிடையாது. −7 டிகிரி −3 டிகிரிய விட அதிகக் குளிர், அப்ப வெப்பநிலை குறைவு. எண்கோடு போடும்போது பூஜ்யத்துக்கு இடப்பக்கம் −1, −2, −3ன்னு வெளிய பாத்து போகணும், சில பசங்க இடமிருந்து வலமா −1, −2, −3, 0ன்னு எழுதிடுறாங்க, அப்புறம் மீதி எல்லாமே கோணல்தான்.

காலி வட்டம் எப்ப, நிரப்பின வட்டம் எப்ப?

எல்லையில இருக்கிற எண் கூட்டத்துல சேர்த்தியான்னு பாருங்க. ம > 5ல 5ஐ போட்டா 5 > 5, இது பொய், அதனால 5 மேல காலி வட்டம். ம ≥ 5ல (ம, 5ஐ விடப் பெருசு அல்லது 5க்கு சமம்; ≤ன்னா சின்னது அல்லது சமம்) 5 ≥ 5, இது உண்மை, அதனால வட்டத்தை உள்ள கறுப்பா நிரப்பிடணும். குறிக்கு அடியில ஒரு சின்னக் கோடு இருந்தா நிரப்பு, இல்லன்னா காலியா விடு, இப்படியும் மனப்பாடம் பண்ணலாம், ஆனா எல்லை எண்ணைப் போட்டுப் பாக்குறது மறக்கவே மறக்காது.

ம > 5:  ───○━━━━►
ம ≤ 5:  ◄━━━●───

அம்புக்குறி முக்கியம். அது இல்லன்னா கோடு எங்கயோ முடிஞ்சிடுதுன்னு அர்த்தமாயிடும். 5ல ஆரம்பிச்சு 9 வரைக்கும் பேனாவால இழுத்துட்டு அம்பு போடாம விட்டா, 10 உங்க கூட்டத்துல இல்லன்னு நீங்களே சொன்ன மாதிரி.

குறி காட்டுற பக்கம் கோடு போட்டா போதும்னு ஒருத்தர் சொன்னாரே, சரியா?

ம இடப்பக்கம் இருந்தா மட்டும் சரி. ம < 4ன்னா குறி இடப்பக்கம் காட்டுது, கோடும் இடப்பக்கம். ஆனா 4 < மன்னு வந்தா? குறி அதே பக்கம்தான் காட்டுது, ஆனா இது "4, மவை விடக் குறைவு", அதாவது ம 4ஐ விடப் பெருசு, கோடு வலப்பக்கம் போகணும். கேள்வித்தாள் போடுறவங்களுக்கு இந்த ட்ரிக் தெரியும், அதுக்குன்னே 7 ≤ மன்னு திருப்பி வைப்பாங்க. முழு வரியையும் திருப்பி ம ≥ 7ன்னு எழுதிட்டு வரைங்க. திருப்பும்போது கூர்முனை யாரப் பாத்து இருந்துச்சோ அவரையே பாத்து இருக்கணும், இங்க 7ஐ.

வார்த்தைல கொடுத்தா என்ன குறி போடுறதுன்னே தெரியல. குறைந்தது, அதிகபட்சம், மிகாமல்... தலை சுத்துது.

நிஜமா சொல்லணும்னா இந்தப் பாடத்துல கஷ்டமே இதுதான், மீதியெல்லாம் கூட்டல் கழித்தல். கணக்குல தப்பு இருக்காது, தமிழ்லதான் தப்பு இருக்கும்.

முதல்ல "குறைந்தது 5". குறைன்னு வார்த்தை வந்துட்டா போதும், பசங்க கை தானா < போட்டுடும். ஆனா குறைந்தது 5 பேர் வேணும்னா 5 பேர் வந்தா போதும், 6 வந்தாலும் சந்தோஷம், 4 வந்தாதான் பிரச்சனை. அப்ப ம ≥ 5. அதே மாதிரி "அதிகபட்சம் 5"ல அதிகம்னு இருக்குறதால > போட்டுடுறாங்க, ஆனா அது ம ≤ 5. அதிகமா போனா 5 வரைக்கும், அதுக்கு மேல கிடையாது. இந்த ரெண்டு வார்த்தையும் கூட்டம் எந்தப் பக்கம் இருக்குன்னு சொல்லல, வேலி எங்க இருக்குன்னு சொல்லுது.

அடுத்தது "குறையாமல்", "மிகாமல்". இங்க நம்ம மொழியே வழி காட்டுது, கவனிச்சீங்கன்னா ரெண்டுலயும் ஒரு "ஆ" உள்ள உட்கார்ந்து மறுக்குது. குறைஞ்சா ம < 5. குறையலன்னா அதுக்கு எதிர். இப்ப < க்கு எதிர் என்ன? எல்லாரும் >ன்னு சொல்லுவாங்க, இல்ல, ≥ தான். 5ஐ விடக் குறைவா இல்லாதவங்க யாருன்னா 5ம் இருக்கு, அதுக்கு மேல இருக்கிறதும் இருக்கு. அப்ப "5க்குக் குறையாமல்" ம ≥ 5, "5க்கு மிகாமல்" ம ≤ 5. சமம் இல்லாத குறியை (<, >) மறுத்தா சமம் கூடவே ஒட்டிட்டு வந்துடும்.

"10ஐத் தாண்டக்கூடாது"ங்கிறதும் "10ஐ எட்டக்கூடாது"ங்கிறதும் ஒண்ணான்னு கேட்டா, இல்ல. தாண்டக்கூடாதுன்னா 10ல நிக்கலாம், ம ≤ 10. எட்டக்கூடாதுன்னா 10ல கால் வைக்கவே கூடாது, ம < 10. ஒரே ஒரு சொல்லு, வட்டம் காலியா நிரப்பினதான்னு மாறிப்போச்சு.

"3 முதல் 8 வரை"ன்னா ரெண்டு முனையும் சேர்த்தி, 3 ≤ ம ≤ 8. "3க்கும் 8க்கும் இடையில"ன்னா கணக்குல பொதுவா ரெண்டும் சேராது, 3 < ம < 8. "உட்பட"ன்னு இருந்தா சமம் கண்டிப்பா உண்டு. "8க்குள்ள"ங்கிறது மட்டும் பேச்சுவழக்குல ரெண்டு மாதிரியும் புழங்குது, ஒருத்தருக்கு 8ம் உள்ள, இன்னொருத்தருக்கு 7 தான் கடைசி, கேள்வித்தாள்ல அப்படி வந்தா கேட்டுத் தெளிவாக்கிக்கோங்க.

இன்னொரு கண்ணி இருக்கு. "ம, 5ஐ விட அதிகம்" இது அசமன்பாடு, ம > 5. "ம, 5ஐ விட 3 அதிகம்" இது சமன்பாடு, ம = 5 + 3. எவ்வளவு அதிகம்னு அளவு சொல்லிட்டா அங்க கூட்டமே இல்ல, ஒரே ஆளுதான். அவசரத்துல ரெண்டாவதுக்கும் > போட்டு மார்க் விட்ட பசங்களை நிறைய பாத்திருக்கேன்.

சேர்த்து ஒண்ணு பாப்போம். "ஒரு எண்ணோட ரெண்டு மடங்குல இருந்து 3ஐக் கழிச்சா 11க்குக் குறையாம வருது." 2ம − 3 ≥ 11. ரெண்டு பக்கமும் 3 கூட்டு, 2ம ≥ 14, ம ≥ 7. 7 மேல நிரப்பின வட்டம், வலப்பக்கம் அம்பு.

மைனஸால பெருக்குனா குறி ஏன் திரும்புது? ரூல்னு சொல்றாங்களே தவிர காரணம் யாரும் சொல்லல.

ஒரு பேப்பர்ல எண்கோடு போடுங்க, 2ஐயும் 5ஐயும் மையால நல்லா அழுத்திப் புள்ளி வைங்க, மை காயறதுக்கு முன்னாடி பூஜ்யத்துல பேப்பரை மடிங்க. 2 இருந்த புள்ளி −2ல ஒட்டும், 5 இருந்தது −5ல ஒட்டும். முன்னாடி 5 வலப்பக்கம் நின்னுச்சு, இப்ப −5 இடப்பக்கம் போயிடுச்சு. −1ஆல பெருக்குறதுன்னா இந்த மடிப்புதான், பூஜ்யத்துல ஒரு கண்ணாடி வச்ச மாதிரி. கண்ணாடில வலது இடதாகும், எண்கோட்டுல வலதுன்னா பெருசு, அதனால பெருசு சின்னதாகுது, 2 < 5 இருந்தது −2 > −5 ஆகுது. −3ஆல பெருக்குனா முதல்ல 3 மடங்கு இழுத்துட்டு அப்புறம் மடிக்கிறோம், இழுக்கும்போது வரிசை மாறாது, மடிக்கும்போதுதான் மாறும்.

மடிப்பெல்லாம் வேணாம், எழுத்துல காட்டுன்னா இப்படி. −ம < 3ன்னு இருக்கு. ரெண்டு பக்கமும் மவைக் கூட்டுங்க, 0 < 3 + ம. ரெண்டு பக்கமும் 3ஐக் கழிங்க, −3 < ம. எங்கயும் மைனஸால பெருக்கவே இல்ல, கூட்டலும் கழித்தலும்தான், ஆனாலும் முடிவுல ம > −3ன்னு வந்து நிக்குது. அந்த ரூல் இந்த ரெண்டு வரியோட சுருக்கம்.

பூஜ்யத்தால பெருக்கலாமான்னு ஒரு பொண்ணு கேட்டா, நல்ல கேள்வி, 2 < 5ஐ பூஜ்யத்தால பெருக்குனா 0 < 0, பொய்யாயிடும். அதனால கூடாது.

அப்ப கணக்குல மைனஸ் எங்க பாத்தாலும் குறியைத் திருப்பணுமா?

இல்லவே இல்ல! இதான் அடுத்த தப்பு, ரூலைக் கத்துக்கிட்ட உற்சாகத்துல எல்லா இடத்துலயும் திருப்புறது. 3ம < −12, இங்க வகுக்கிறது 3ஆல, அது பிளஸ், அதனால ம < −4, திருப்பல் கிடையாது. ம − 6 > 2ல 6ஐக் கூட்டுறோம், அது வெறும் நகர்த்தல், எல்லாரும் சேர்ந்து வலப்பக்கம் 6 அடி நகர்ந்தா யார் முன்னாடி யார் பின்னாடிங்கிறது மாறாது. நீங்க எதால பெருக்குறீங்களோ வகுக்குறீங்களோ அந்த எண் மைனஸா இருந்தா மட்டும் திருப்புங்க.

திருப்ப மறந்துடுவேன்னு பயம் இருக்கிறவங்களுக்கு ஒரு குறுக்கு வழி. 7 − 2ம ≤ 15. வழக்கமா 7ஐக் கழிச்சு −2ம ≤ 8, அப்புறம் −2ஆல வகுத்து, திருப்பி, ம ≥ −4. அதுக்கு பதிலா −2மவை வலப்பக்கம் தள்ளிடுங்க, 7 ≤ 15 + 2ம, −8 ≤ 2ம, −4 ≤ ம. திருப்புற வேலையே வரல, பதில் அதேதான். எப்பவும் ம பிளஸா வர்ற பக்கத்துக்குத் தள்ளுங்கன்னு நான் சொல்லுவேன், சில டீச்சருங்களுக்கு பிடிக்காது, பரவால்ல.

போட்ட விடை சரியான்னு எப்படி செக் பண்றது?

மூணு எண் போதும். எல்லை எண், அதுக்கு இந்தப் பக்கம் ஒண்ணு, அந்தப் பக்கம் ஒண்ணு. மேல போட்ட 7 − 2ம ≤ 15ஐயே எடுங்க, விடை ம ≥ −4. −4 போட்டா 7 + 8 = 15, 15 ≤ 15 உண்மை, வட்டம் நிரப்பினது சரி. 0 போட்டா 7 ≤ 15 உண்மை, 0 நம்ம கோட்டுல இருக்கு, சரி. −5 போட்டா 17 ≤ 15 பொய், அது கோட்டுக்கு வெளிய, சரி. அரை நிமிஷம் கூட ஆகாது. முக்கியமா எண்ணைப் போடவேண்டியது கேள்வில இருக்கிற முதல் வரில, நடுவுல நீங்க எழுதின வரில போட்டா உங்க தப்பையே நீங்க சரின்னு சொல்லிக்குவீங்க.

கோடு போடணுமா, தனித்தனிப் புள்ளி வைக்கணுமா?

ம என்ன வகை எண்ணுன்னு கேள்வில பாருங்க. மெய்யெண்ணுன்னா (இல்ல ஒண்ணும் சொல்லலன்னா) தொடர்ச்சியா கோடு. முழுக்கள்னு சொன்னா தனித்தனிப் புள்ளிதான், நடுவுல கோடு கூடாது, ஏன்னா 2.5 அந்தக் கூட்டத்துல இல்ல. இயல் எண்கள்னா 1ல இருந்துதான் ஆரம்பம், ம < 4ன்னா 1, 2, 3ன்னு வெறும் மூணு புள்ளி, அம்பும் கிடையாது.

நிஜ வாழ்க்கைக் கணக்குல இத நீங்களாவே யோசிக்கணும். ஒரு லிஃப்ட் 600 கிலோ தாங்கும், ஆளுக்கு 70 கிலோன்னு வச்சா 70ம ≤ 600, ம ≤ 8.57ன்னு வருது. ஆளுங்களை வெட்டி ஏத்த முடியாது, அதனால 0ல இருந்து 8 வரைக்கும் புள்ளி. 8.57ஐ 9ன்னு ரவுண்ட் பண்ணீங்கன்னா 630 கிலோ, லிஃப்ட் நகராது. அப்படியே எதிரா, பஸ்சுக்கு 50 சீட்டு, 230 பேர் போகணும்னா 50ம ≥ 230, ம ≥ 4.6, இங்க 5 பஸ் வேணும், 4ல போனா 30 பேர் ரோட்ல. ஒண்ணுல கீழ இறக்குறோம், இன்னொண்ணுல மேல ஏத்துறோம், புள்ளிக்கு மேல அஞ்சா நாலான்னு பாக்குற வழக்கமான ரவுண்ட் ரூல் ரெண்டுலயும் செல்லாது, கூட்டம் எந்தப் பக்கம் இருக்கோ அந்தப் பக்கம்தான் நகரணும்.

ம < 3ன்னா அதுல இருக்கிற மிகப் பெரிய எண் எது? 2.9ஆ? 2.99ஆ?

எனக்கு ரொம்பப் பிடிச்ச கேள்வி இது. பதில், அப்படி ஒண்ணு இல்லவே இல்ல. நீங்க எந்த எண்ணைச் சொன்னாலும் அதுக்கும் 3க்கும் நட்டநடுவுல இன்னொரு எண் இருக்கும், அது உங்க எண்ணை விடப் பெருசு, ஆனாலும் 3ஐ விடச் சின்னது. 2.9ன்னீங்கன்னா நான் 2.95ம்பேன், 2.99ன்னீங்கன்னா 2.995ம்பேன், இந்த ஆட்டத்துல எப்பவும் நான்தான் ஜெயிப்பேன். 3க்கு பக்கத்து வீடுன்னு ஒண்ணு எண்கோட்டுல கிடையாது. அதனாலதான் காலி வட்டம்னு ஒரு ஏற்பாடு, கடைசி ஆளை காட்ட முடியாததால "3 வரைக்கும் நெருங்குது, 3 மட்டும் இல்ல"ன்னு ஒரு ஓட்டைய போட்டுக் காட்டுறோம். சிலர் காலி வட்டத்தை 3 மேல போடாம 2 மேல நிரப்பின வட்டமா போடுறாங்க, முழுக்களா இருந்தா அது ஓகே, மெய்யெண்ணா இருந்தா 2க்கும் 3க்கும் நடுவுல இருக்கிற அத்தனை பேரையும் வெளிய தள்ளிட்டீங்க.

உடனே யாராவது "2.999…ன்னு முடிவே இல்லாம 9 போட்டா?"ன்னு கேப்பாங்க. அது 3க்கு முந்தின எண் இல்ல, 3 தான். மூணுல ஒரு பங்கு 0.333…, அதை 9ஆல பெருக்குனா ஒரு பக்கம் 3, இன்னொரு பக்கம் 2.999…, ரெண்டும் ஒரே ஆளு வேற சட்டை போட்டுட்டு நிக்கிறது. அப்ப ம < 3ல அது சேராது. இது நம்ப முடியலன்னா பரவால்ல, எனக்கும் ரொம்ப நாள் ஆச்சு.

"மற்றும்", "அல்லது" வர்ற ரெட்டை அசமன்பாடு எப்படி வரையறது?

ரெண்டையும் தனித்தனியா மேலயும் கீழயும் ரெண்டு கோடா லேசா வரைங்க. "மற்றும்"னா ரெண்டு கோடும் ஒண்ணு மேல ஒண்ணு விழுற இடம் மட்டும் விடை. "அல்லது"ன்னா ஏதாவது ஒரு கோடு இருக்கிற இடம் எல்லாம் விடை. ம > −2 மற்றும் ம ≤ 3ன்னா −2ல காலி வட்டம், 3ல நிரப்பின வட்டம், நடுவுல கோடு, அம்பே இல்ல. இதை −2 < ம ≤ 3ன்னு ஒரே வரில எழுதலாம். ம < −2 அல்லது ம ≥ 3ன்னா ரெண்டு துண்டா வெளிய பாத்து ஓடும், இதை ஒரே வரில எழுதவே முடியாது. 3 ≤ ம < −2ன்னு எழுதுற தப்பு ரொம்ப சகஜம், அதுல நடுவுல இருக்கிற மவை மறைச்சிட்டுப் படிங்க, 3 < −2ன்னு சொல்ற மாதிரி இருக்கும், அபத்தம்.

ஒரே வரில இருக்கிறதை தீர்க்கும்போது மூணு பகுதிக்கும் ஒரே வேலைய செய்யணும். −6 < −3ம ≤ 12ஐ −3ஆல வகுத்தா ரெண்டு குறியும் திரும்பும், 2 > ம ≥ −4, அதை சின்னதுல இருந்து பெருசா திருப்பி எழுதினா −4 ≤ ம < 2. திருப்பி எழுதும்போது சமக்குறி −4 கூடவே போகணும், அது இடம் மாறி 2கிட்ட போயிட்டா ரெண்டு வட்டமும் தப்பாயிடும்.

புரோகிராமிங் படிக்கிறவங்களுக்கு ஒரு எச்சரிக்கை, −2 < ம < 3ன்னு பைத்தான்ல அப்படியே அடிக்கலாம், சரியா வேலை செய்யும். சி மொழில அடிச்சா எரர் வராது, ஆனா முதல் பாதி 1 இல்ல 0ன்னு ஆகி, அது எப்பவும் 3ஐ விடச் சின்னதா இருக்கிறதால ம எதுவா இருந்தாலும் உண்மைன்னுதான் வரும். அங்க ரெண்டா பிரிச்சுத்தான் எழுதணும்.

கடைசில மவே காணாம போயிடுச்சு, 0 < 5ன்னு நிக்குது. எங்க தப்பு பண்ணேன்?

தப்பே இல்லாம இருக்கலாம். 2ம + 1 < 2ம + 6ல 2ம ரெண்டு பக்கமும் அடிபட்டு 1 < 6, எப்பவும் உண்மை, அப்ப எல்லா எண்ணும் விடை, முழுக்கோட்டையும் தடிமனாக்கி ரெண்டு பக்கமும் அம்பு போடுங்க. 3 > 7 மாதிரி பொய்யா முடிஞ்சா ஒரு எண்ணும் விடை இல்ல, வெற்றுக் கணம், கோட்டுல எதுவும் போடாதீங்க. விடை பூஜ்யம்னு எழுதிடாதீங்க, பூஜ்யம் ஒரு எண், அது வேற கதை.

| ம | < 4 மாதிரி ரெண்டு பக்கமும் கோடு போட்டு வந்தா?

மட்டு மதிப்புன்னா பூஜ்யத்துல இருந்து தூரம். தூரம் 4ஐ விடக் குறைவா இருக்கணும்னா ரெண்டு பக்கமும் 4ஐ எட்டாம போகலாம், −4 < ம < 4. | ம | > 4ன்னா 4ஐ விடத் தள்ளிப் போகணும், ம < −4 அல்லது ம > 4. | ம − 2 | ≤ 5ன்னா 2ல இருந்து தூரம், காம்பஸ் முள்ளை 2ல ஊன்றி 5 அளவு எடுத்து ரெண்டு பக்கமும் வெட்டுற மாதிரி, −3 ≤ ம ≤ 7. | ம | < −1ன்னு கேட்டா எதுவும் எழுதி நேரத்தை வீணாக்காதீங்க, தூரம் எப்படி மைனஸாகும், விடையே இல்ல.

ம² > 9ன்னா ம > 3 தானே?

பாதிதான். −5ஐப் போடுங்க, 25 > 9, உண்மை, ஆனா −5 உங்க விடைல இல்ல. ம > 3 அல்லது ம < −3. வர்க்கமூலம் எடுக்கும்போது மைனஸ் பக்கத்துல இருக்கிற கூட்டத்தை மறந்துடுறோம்.

இதோட அண்ணன் ஒருத்தர் இருக்காரு, மவால பெருக்குறது. 6/ம > 2, மவால பெருக்கி 6 > 2ம, ம < 3ன்னு முடிச்சுடுவாங்க. −1 போட்டா −6 > 2, பொய். ம பிளஸா மைனஸான்னே தெரியாம பெருக்கினது தப்பு. ம பிளஸ்னா ம < 3 வருது. மைனஸ்னா இடப்பக்கமே மைனஸ், 2ஐ விடப் பெருசாக வாய்ப்பே இல்ல. பூஜ்யம் வகுக்கவே முடியாது. அதனால விடை 0 < ம < 3, ரெண்டு முனையும் காலி வட்டம்.

ம ≠ 2 எப்படி வரையறது?

முழுக்கோடு, 2ல மட்டும் ஒரு காலி வட்டம்.

அடைப்புக்குறில எழுதுறாங்களே, (−2, 3]ன்னு, அது என்ன?

அதே படம்தான், படம் வரையாம எழுதுறது. வளைவு அடைப்பு காலி வட்டம், சதுர அடைப்பு நிரப்பின வட்டம். முடிவில்லாம போற பக்கம் ∞ போடுவாங்க, அதுக்கு எப்பவும் வளைவுதான், ஏன்னா அது போய்ச் சேர்ற எண்ணே இல்ல. ம ≥ 7ன்னா [7, ∞). பிரான்ஸ் பக்கம் ]−2, 3]ன்னு சதுர அடைப்பையே வெளிய திருப்பி வைக்கிற வழக்கம் உண்டு, அச்சுப்பிழைன்னு நினைச்சுடாதீங்க. அப்புறம் (−2, 3)ன்னு எழுதினா அது இடைவெளியா இல்ல வரைபடத்துல ஒரு புள்ளியான்னு குழப்பம் வரும், சுத்தியுள்ள வரிகளைப் பாத்துதான் தெரிஞ்சுக்கணும்.

இந்தக் குறியெல்லாம் யார் கண்டுபிடிச்சா?

< > ரெண்டும் முதல்ல அச்சுல வந்தது 1631ல, தாமஸ் ஹாரியட்ங்கிற இங்கிலாந்துக்காரரோட அல்ஜீப்ரா புத்தகத்துல. பாவம், அவர் 1621லயே இறந்துட்டாரு, மத்தவங்கதான் தொகுத்து வெளியிட்டாங்க. அதே ஆளுதான் 1609ல டெலஸ்கோப்ல நிலாவைப் பாத்து படம் வரைஞ்சவரு, கலிலியோவுக்கும் முன்னாடி. சமக்குறி = அதுக்கு முன்னாடியே 1557ல ராபர்ட் ரெக்கார்ட் கொண்டு வந்துட்டாரு. கீழ கோடு போட்ட ≤ மாதிரி குறி ரொம்ப லேட், 1734ல பியர் பூகர்ங்கிற பிரெஞ்சுக்காரர் கீழ ரெண்டு கோடு போட்டு எழுதினாரு, நாம இப்ப ஒரு கோட்டோட நிறுத்திக்கிறோம். மைனஸ் எண்ணை கோட்டுல பின்பக்கம் நடக்கிறதா விளக்கினது ஜான் வாலிஸ், 1685ல.

போன்ல ≤ வரமாட்டேங்குது, =< ன்னு அடிக்கலாமா?

<= அடிங்க, வாயால "குறைவு அல்லது சமம்"னு சொல்ற அதே வரிசை, எல்லாருக்கும் புரியும், பெரும்பாலான புரோகிராமிங் மொழிலயும் அதான். பெருசுக்கு >=. திருப்பி => போட்டா அம்புக்குறி மாதிரி ஆயிடும், ஜாவாஸ்கிரிப்ட்ல அதுக்கு வேற அர்த்தமே இருக்கு. நிறைய கீபோர்டுல < ஐ அழுத்திப் பிடிச்சா ≤ மேல எட்டிப் பாக்கும், ஒரு தடவ அழுத்திப் பாருங்க.